சோச்சிமில்கோ படகு உலா

சோச்சிமில்கோ படகு உலா என்பது மெக்சிக்கோ நாட்டின் தலைநகரான மெக்சிக்கோ நகரத்தின் தென்பகுதியில், சோச்சிமில்கோ என்னும் நிருவாகப் பிரிவில் உள்ள பழைய வாய்க்கால்களில் நடைபெறும் பண்பாட்டுச் சுற்றுலாவாகும். திரஹினேரா எனப்படும் தட்டை அடி மரப்படகுகளில் பயணிகள் அமர்ந்து செல்ல, சிறு தோணிகளில் அடுப்பு வைத்துச் சமைப்போர் அருகே வந்து மெக்சிக்கோவின் மரபு உணவுகளைச் சுடச்சுட விற்பது இதன் சிறப்பு. இசைக்குழுக்களும் பூ விற்போரும் தனித்தனிப் படகுகளில் வருவர். இவ்வாய்க்கால்கள் ஏறத்தாழ 170 கி.மீ. நீளம் கொண்டவை. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் இவை அமைந்துள்ளன. சோச்சிமில்கோவும் மெக்சிக்கோ நகரத்தின் வரலாற்று மையமும் சேர்த்து ஒரே களமாக 1987 ஆம் ஆண்டு யுனெசுக்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்க்கப்பட்டன.

சுற்றுலாக் கையேடுகள் இதனை ஒரு கேளிக்கைப் பயணமாகவே காட்டுகின்றன. ஆயினும் படகு, அதன் இருபுறமும் உள்ள வயல், படகில் கிடைக்கும் உணவு ஆகிய மூன்றும் ஒரு காலத்தில் ஒரே தொழிலின் மூன்று பகுதிகளாக இருந்தன என்பதை அறிந்தாலன்றி இவ்விடத்தை விளங்கிக்கொள்ள இயலாது. இன்று படகுகள் நிறைந்திருக்க, வயல்கள் குறைந்து வருகின்றன.

பெயர்

சோச்சிமில்கோ என்பது நாவாட்டில் மொழிச் சொல். அம்மொழியில் சோச்சி என்பது பூவையும், மில் என்பது வயலையும், கோ என்னும் ஈறு இடத்தையும் குறிக்கும். எனவே "பூ வயல்கள் உள்ள ஊர்" எனப் பொருள் கொள்ளலாம். திரஹினேரா என்பது சரக்கு ஏற்றி இறக்குதல் என்னும் பொருளுடைய ஸ்பானிய வினைச்சொல்லிலிருந்து பிறந்தது. பெயரைக் கொண்டே இப்படகின் முதல் தொழில் எது என்று அறியலாம்.

வரலாறு

மெக்சிக்கோ பள்ளத்தாக்கில் முன்னர் ஐந்து ஏரிகள் இருந்தன. நடுவில் இருந்த தெசுக்கோக்கோ ஏரி உப்பு நீர் கொண்டது. தெற்கே இருந்த சோச்சிமில்கோ, சால்கோ ஏரிகள் ஊற்று நீரால் நிரம்பிய நன்னீர் ஏரிகள். இவ்வேறுபாடு முக்கியமானது. வேளாண்மை தெற்கே செழித்ததற்கு இதுவே காரணம்.

இப்பகுதியில் வாழ்ந்த சோச்சிமில்கா மக்கள் நாவா இனக்குழுவினர். 15 ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் இவர்கள் அசுட்டெக்குகளின் ஆட்சிக்கு உட்பட்டனர். அதன் பின்னர், ஏரியின் நடுவே தீவாக இருந்த தெனோச்தித்லான் என்னும் தலைநகருக்கு உணவளிக்கும் களஞ்சியமாக இப்பகுதி மாறியது. மக்காச்சோளமும் காய்கறியும் பூவும் தோணிகளில் நாள்தோறும் அங்குச் சென்றன. பாரம் சுமக்கும் விலங்குகளோ சக்கர வண்டிகளோ வழக்கில் இல்லாத நாட்டில் தோணியின் மதிப்பை எளிதில் உணரலாம். 1521 ஏப்ரலில் எர்னான் கோர்த்தெசின் படைக்கும் அசுட்டெக்குகளுக்கும் சோச்சிமில்கோவில் நடந்த போரில் கோர்த்தெசு பிடிபடும் நிலைக்கு வந்து தப்பினார்.

ஸ்பானியர் நகரத்தை ஏரியிலேயே வைத்துக்கொண்டு ஏரியை வெளியேற்ற முனைந்தனர். 1607 ஆம் ஆண்டு வடிகால் பணி தொடங்கியது. அது பலன் தருமுன் 1629 இல் பெருவெள்ளம் நகரை மூழ்கடித்தது. 1900 இல் பெரும் வடிகால் திறக்கப்பட்டதுடன் ஏரிகளின் கதை பெரும்பாலும் முடிந்தது. இருப்பினும் 19 ஆம் நூற்றாண்டு முழுவதும் லா வீகா என்னும் வாய்க்கால் வழியாகத் தெற்கத்திக் காய்கறித் தோணிகள் நகரச் சந்தைக்கு வந்துகொண்டிருந்தன. அவ்வாய்க்காலில் சாந்தா அனித்தா என்னும் ஊர் வரை நகரத்தார் பண்டிகை நாட்களில் பூச்சூடிப் படகில் சென்று தின்பண்டம் உண்டு திரும்புவது வழக்கமாக இருந்தது. இன்றைய படகு உலாவின் முன்னோடி அதுவே. 20 ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் லா வீகா தூர்க்கப்பட்டுச் சாலையாயிற்று. நீர் எஞ்சியிருந்த சோச்சிமில்கோவுக்கு உலாவும் இடம் பெயர்ந்தது.

எமிலியோ பெர்னாந்தெசு இயக்கத்தில் தோலோரெசு தெல் ரியோ நடித்த "மரியா காந்தெலாரியா" என்னும் திரைப்படத்தின் கதைக்களம் இவ்வாய்க்கால்களே. 1946 இல் கான் திரைப்பட விழாவில் அப்படம் பரிசு பெற்றபின் வெளிநாட்டவர் வருகை பெருகியது. 1968 ஒலிம்பிக்கு விளையாட்டுகளின் துடுப்புப் படகுப் போட்டிகள் இப்பகுதியின் குவெமாங்கோவில் நடைபெற்றன.

சினாம்பா வயல்கள்

வாய்க்கால்களுக்கு இடையே நீண்ட செவ்வகங்களாகக் காணப்படும் வயல்களுக்குச் சினாம்பா என்று பெயர். "மிதக்கும் தோட்டங்கள்" என்று பல நூல்களில் இவை குறிப்பிடப்படுவது தவறு. இவை மிதப்பதில்லை. (காசுமீரின் தால் ஏரியில் உள்ள காய்கறித் தோட்டங்கள் உண்மையாகவே மிதப்பவை. இரண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது.) ஆழமில்லாத ஏரியில் கழிகளை நட்டு எல்லை வகுத்து, நீர்ச்செடிகளையும் ஏரிச் சேற்றையும் மாறிமாறி அடுக்கி, நீர்மட்டத்துக்குச் சற்று மேலே நிலம் உயர்த்தப்படுகிறது. ஓரங்களில் அவெஹோத்தே என்னும் ஒருவகை வில்லோ மரம் நடப்படுகிறது. நெட்டையாக, பக்கம் விரியாமல் வளரும் இம்மரத்தின் வேர்கள் கரையைப் பிடித்து நிறுத்துகின்றன. நிழல் பயிர்மேல் விழுவதும் குறைவு.

நாற்றுவிடும் முறை இங்குத் தனித்தன்மை உடையது. வாய்க்காலின் அடியிலிருந்து அள்ளிய சேற்றை ஓரிடத்தில் பரப்பி, சற்றே இறுகியதும் கத்தியால் சிறு கட்டங்களாக அறுப்பர். ஒவ்வொரு கட்டத்திலும் குழியிட்டு விதை இட்டு மூடுவர். நாற்று வளர்ந்ததும் கட்டத்தோடு பெயர்த்து வயலில் வைப்பர். வேர் அறுபடுவதில்லை. இக்கட்டத்துக்குச் சப்பின் என்று பெயர். இன்று நாற்றங்கால்களில் பயன்படும் குழித்தட்டு முறையை ஒத்த ஏற்பாடு, நெகிழி இல்லாமலே இங்கு நெடுங்காலமாக இருந்துள்ளது. நாற்று ஓரிடத்தில் வளரும்போதே வயலில் முந்தைய பயிர் முற்றிக்கொண்டிருக்கும். பக்கவாட்டில் நீர் கசிந்து வேருக்கு எட்டுவதால் மழையை எதிர்நோக்க வேண்டியதில்லை. இவற்றால் ஆண்டுக்குப் பல போகம் எடுக்க முடிகிறது.

பருப்புக்கீரை, தண்டுக்கீரை வகைகள், கீரைக்கோசு, முள்ளங்கி, மக்காச்சோளம் முதலியன விளைகின்றன. அக்டோபர் இறுதியில் செம்பசூச்சில் பூ வயல்களை மஞ்சளாக்குகிறது. இது நம் ஊர்ச் செண்டுமல்லியேதான். மெக்சிக்கோவைத் தாயகமாகக் கொண்ட இப்பூ அங்கு இறந்தோர் நாளில் (நவம்பர் 1, 2) கல்லறைகளையும் வீட்டுப் படையல்களையும் அணிசெய்கிறது.

திரஹினேரா

திரஹினேரா படகுக்கு இயந்திரம் கிடையாது. பின்பக்கம் நிற்கும் படகோட்டி நீண்ட கழியை வாய்க்காலின் அடியில் ஊன்றித் தள்ளுவார். வாய்க்காலின் ஆழம் குறைவு என்பதால் துடுப்பைவிடக் கழியே ஏற்றது. படகின் நடுவே நீண்ட மேசையும் இருபுறமும் நாற்காலிகளும் இருக்கும். ஏறத்தாழ 18 பேர் அமரலாம். மேலே கூரை உண்டு. முன்முகப்பில் வளைவு ஒன்றில் படகின் பெயர் பெரிய எழுத்தில் வண்ணம் தீட்டப்பட்டிருக்கும். பெரும்பாலும் பெண்களின் பெயர்கள். முற்காலத்தில் இவ்வளைவுகள் கோரைப் புல்லால் கட்டிய சட்டத்தில் உண்மையான பூக்களைச் செருகி ஆக்கப்பட்டன. தற்போது மரத்திலும் செயற்கைப் பொருள்களிலும் செய்யப்படுகின்றன.

சரக்குப் படகு சுற்றுலாப் படகானது இங்கு மட்டும் நிகழ்ந்ததன்று. கேரளத்தின் ஆலப்புழையில் நெல் ஏற்றிய கெட்டுவள்ளங்கள் சாலைப் போக்குவரத்து வந்தபின் வேலையிழந்து, சமையலறையுடன் கூடிய படகு வீடுகளாக மாறியது இதற்கு நெருங்கிய இணை. கல்வராயன் மலையின் கரியாலூரிலோ ஏலகிரியிலோ உள்ள படகுத் துறைகள் பொழுதுபோக்குக்கென்றே பின்னர் ஏற்படுத்தப்பட்டவை ஆதலால் அவற்றை இதனுடன் ஒப்பிடுவது பொருந்தாது.

நத்திவித்தாசு, குவெமாங்கோ, கல்த்தோங்கோ, சலித்ரே, பெலேன் முதலிய படகுத்துறைகளிலிருந்து உலா தொடங்குகிறது. இவற்றுள் நத்திவித்தாசு மிகவும் கூட்டம் நிறைந்தது. கட்டணம் ஆளுக்கு அன்று, படகொன்றுக்கு மணிக் கணக்கில் வாங்கப்படும். ஞாயிற்றுக்கிழமைகளில் படகுகள் ஒன்றோடொன்று உரசி நிற்கும் அளவுக்கு நெரிசல் ஏற்படும். குவெமாங்கோவிலிருந்து விடியற்காலையில் புறப்படும் உலாக்கள் வேறு தன்மையுடையன. பனிமூட்டம், நீர்ப்பறவைகள், வேலை செய்யும் உழவர் ஆகியோரைக் காண விரும்புவோர் அவற்றையே தெரிவு செய்கின்றனர்.

படகில் சமையல்

விற்பனைத் தோணிகள் சிறியவை. பெரும்பாலும் ஒரு பெண் சமைப்பார், உறவினர் ஒருவர் தோணியைச் செலுத்துவார். நடுவில் கரியடுப்பு, அதன்மேல் கோமால் என்னும் தட்டைக்கல். நம் தோசைக்கல்லுக்கு உறவு என்று சொல்லத்தக்க இது முற்காலத்தில் சுட்ட மண்ணால் ஆனது, இப்போது பெரும்பாலும் இரும்புத் தகடு. தோணி பயணிகளின் படகோடு ஒட்டி நிற்க, கேட்டதைச் சுட்டுத் தட்டில் வைத்துப் பக்கவாட்டில் நீட்டுவர். படகு நிற்பதில்லை. இரண்டும் சேர்ந்தே நகரும். காசு வாங்கியதும் தோணி பிரிந்து அடுத்த படகைத் தேடிச் செல்லும்.

இவ்வுணவுகளில் மிகப் பழமையானது திலக்கோயோ எனலாம். மக்காச்சோள மாவில் அவரை இனப் பயறு விழுதைப் பொதிந்து, நீள்வட்டமாகத் தட்டி, எண்ணெய் இன்றியே கல்லில் வாட்டுவர். கருநீல மக்காச்சோளத்தில் செய்தால் நிறம் சாம்பல் கலந்த நீலமாக இருக்கும். மேலே சப்பாத்திக்கள்ளி மடலின் துண்டுகள், வெங்காயம், மிளகாய்ச் சாறு இடுவர். கள்ளிச்செடியை உண்பது நமக்குப் புதுமையாகத் தோன்றினும் முள் நீக்கி வேகவைத்த இளமடல் அங்கு அன்றாடக் காய்கறி.

கெசடியா என்பது மாவுத் தட்டையை மடித்து உள்ளீடு வைத்துச் சுடுவது. பெயரில் பாலாடைக்கட்டி இருப்பினும் மெக்சிக்கோ நகரத்தில் அதைத் தனியே கேட்டால்தான் இடுவர். பிற மாநிலத்தார் இதைச் சொல்லித் தலைநகரத்தாரைக் கேலி செய்வது வழக்கம். பூசணிப்பூ, காளான் ஆகியன விரும்பப்படும் உள்ளீடுகள். விட்லகோச்சே என்பது மற்றொன்று. மக்காச்சோளக் கதிரைத் தாக்கும் கரிப்பூட்டை நோயின் பூஞ்சைதான் அது. நம் உழவர் பிடுங்கி எரிக்கும் ஒன்றை அங்கு உயர்ந்த விலைக்கு விற்கின்றனர்.

மோலே என்னும் குழம்பு விருந்துக்குரியது. பலவகை உலர்ந்த மிளகாய், எள், வாதுமை, நிலக்கடலை, பட்டை, கிராம்பு, சிறிது கொக்கோ ஆகியவற்றைத் தனித்தனியே வறுத்து அரைத்து நெடுநேரம் கொதிக்கவைப்பர். அரைத்துவிட்ட குழம்பின் பக்குவம் அறிந்தவர்களுக்கு இதன் முறை அந்நியமாகத் தோன்றாது. அண்டைப் பகுதியான மில்ப்பா ஆல்த்தாவின் சான் பேத்ரோ அத்தோக்பான் என்னும் ஊர் மோலே விழுதுக்குப் பெயர் பெற்றது. சோச்சிமில்கோவைச் சேர்ந்த துல்யெவால்கோ ஊரில் கீரைத்தண்டு இனத்தின் விதையைப் பொரித்துத் தேனோ வெல்லப்பாகோ சேர்த்துச் செய்யும் அலெக்ரியா என்னும் இனிப்பு நம் பொரி உருண்டையை ஒத்தது.

ஏரியிலிருந்து நேரடியாக வந்த உணவு திலப்பிக்கே. சிறு மீன்களைக் கீரை, மிளகாயுடன் கலந்து மக்காச்சோளத் தோகையில் பொதிந்து கல்லில் சுடுவர். தவளை, நன்னீர் இறால், ஆக்சலாட்டல் ஆகியனவும் முன்னர் இவ்வாறு சமைக்கப்பட்டன. இன்று வாய்க்கால் மீனை இதற்குப் பயன்படுத்துவது அரிது. சந்தையில் வாங்கிய மீனே இடப்படுகிறது.

மெக்சிக்கோவின் மரபுச் சமையல் 2010 ஆம் ஆண்டு யுனெசுக்கோவின் தொட்டுணர முடியாப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் இடம்பெற்றது.

சுண்ணாம்பும் மக்காச்சோளமும்

மேற்கண்ட உணவுகளுக்கு அடிப்படை நிஷ்டமால் எனப்படும் பதப்படுத்திய மக்காச்சோளம். உலர்ந்த மணிகளைச் சிறிதளவு சுண்ணாம்பு கலந்த நீரில் வேகவைத்து இரவு முழுவதும் ஊறவிடுவர். காலையில் தோல் கழன்றுவிடும். அலசி, மெத்தாத்தே என்னும் கல்லில் அரைப்பர். மூன்று கால்களில் சாய்வாக நிற்கும் அம்மியும் குழவியும் என இதனை விவரிக்கலாம். இவ்வாறு செய்யாத மக்காச்சோள மாவு ஒட்டாது, தட்ட வராது.

மாவின் பதம் மட்டுமே இதன் பயன் அன்று. மக்காச்சோளத்தில் உள்ள நியாசின் (உயிர்ச்சத்து பி3) உடல் ஏற்க இயலாதபடி கட்டுண்டு கிடக்கிறது. சுண்ணாம்பு அதனை விடுவிக்கிறது. கால்சியமும் சேர்கிறது. ஐரோப்பியர் மக்காச்சோளத்தை எடுத்துச் சென்றபோது இம்முறையை எடுத்துச் செல்லவில்லை. அதையே முழு உணவாகக் கொண்ட ஏழைகளிடையே தோல் வெடிப்பு, வயிற்றுப்போக்கு, மனக்குழப்பம் ஆகியவற்றை உண்டாக்கும் பெல்லாக்ரா நோய் பரவியது. ஸ்பெயின் மருத்துவர் காசுபர் காசல் 1735 இல் இதனை விவரித்தார். அமெரிக்காவின் தென்மாநிலங்களில் 20 ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லாயிரவர் இறந்தனர். இது தொற்றுநோயன்று, உணவுக் குறைபாடே என்று யோசப் கோல்டுபர்கர் காட்டினார். 1937 இல் கான்ராடு எல்வெயெம் நியாசினின் பங்கை உறுதிசெய்தார். இந்தியாவில் தக்காணத்தில் சோளத்தையே முதன்மை உணவாகக் கொண்ட மக்களிடையே இந்நோயைச் சி. கோபாலன், எசு. ஜி. சிறீகாந்தையா ஆகியோர் 1960 முதல் ஆராய்ந்தனர். மெக்சிக்கோவில் மக்காச்சோளமே முழு உணவாயிருந்தும் சுண்ணாம்பால் இந்நோய் பெருவாரியாகப் பரவவில்லை.

கள்ளக்குறிச்சி, சின்னசேலம் வட்டாரங்களில் மக்காச்சோளம் பெருமளவு பயிரிடப்படுகிறது. எனினும் தமிழ்நாட்டு விளைச்சலின் பெரும்பங்கு கோழித் தீவனத்துக்கே செல்கிறது. பயிர் வந்தது, அதன் சமையல் வரவில்லை. வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவும் நாட்டில் இது சற்று வியப்பானதே.

நீர்ச் சிக்கல்

20 ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பொறியாளர் மானுவேல் மர்ரோக்கின் இ ரிவேரா வகுத்த திட்டப்படி சோச்சிமில்கோ ஊற்று நீர் நகரத்துக்குக் குழாய்வழி கொண்டு செல்லப்பட்டது. பின்னர் ஆழ்துளைக் கிணறுகளும் பெருகின. நூற்றாண்டின் நடுப்பகுதிக்குள் ஊற்றுகள் வற்றின. இன்று வாய்க்கால்களில் உள்ள நீரின் பெரும்பகுதி செர்ரோ தெ லா எசுத்ரெல்யா நிலையத்தில் சுத்திகரிக்கப்பட்ட நகரக் கழிவுநீர். நகரத்துக்கு நன்னீரைத் தந்துவிட்டு அதன் கழிவுநீரைத் திரும்பப் பெறும் நிலை இது. நிலத்தடி நீர் உறிஞ்சப்படுவதால் மெக்சிக்கோ நகரத்தின் சில பகுதிகள் ஆண்டுக்கு 50 செ.மீ. வரை தாழ்கின்றன. நிலம் சமச்சீராகத் தாழாததால் சில சினாம்பாக்கள் மூழ்குகின்றன, சில உயர்ந்து வறண்டுபோகின்றன. உப்பும் படிகிறது.

நகரின் விரிவாக்கமும் சேர்ந்துகொண்டது. சினாம்பாக்களில் வீடுகள் எழுந்தன. சில வயல்கள் கால்பந்துத் திடல்களாகி வாடகைக்கு விடப்படுகின்றன. காய்கறியைவிட அதில் வருவாய் உறுதி என்பதை மறுப்பதற்கில்லை. தற்போது பயிர் செய்யப்படும் சினாம்பாக்கள் மொத்தத்தில் சிறு பங்கே. விற்பனைத் தோணிகளின் சமையற் பொருள்களும் பெரும்பாலும் நகரச் சந்தைகளில் வாங்கப்படுவனவாக மாறிவிட்டன.

இச்சிதைவின் அளவுகோலாக ஆக்சலாட்டல் என்னும் நீர்வாழ் உயிரி கருதப்படுகிறது. இழந்த காலை மீண்டும் வளர்த்துக்கொள்ளும் இவ்விலங்கு உலகெங்கும் ஆய்வகங்களில் வளர்க்கப்படுகிறது. ஆனால் இயற்கையில் இது வாழ்வது இவ்வாய்க்கால்களில்தான். 1998 கணக்கெடுப்பில் சதுர கி.மீ. ஒன்றுக்கு ஏறத்தாழ 6,000 இருந்தவை 2014 இல் 36 ஆகக் குறைந்தன. உணவு உற்பத்திக்கென விடப்பட்ட கெண்டை, திலேப்பியா மீன்கள் இதன் முட்டைகளையும் குஞ்சுகளையும் தின்றதும் நீர் மாசும் காரணங்கள். 2021 இல் வெளியான 50 பெசோ பணத்தாளில் ஆக்சலாட்டலும் சினாம்பாவும் மக்காச்சோளமும் இடம்பெற்றுள்ளன.

மீட்பு முயற்சிகளும் இன்றைய நிலையும்

2004 இல் இப்பகுதி ராம்சார் ஈரநிலமாக அறிவிக்கப்பட்டது. மெக்சிக்கோ தேசியத் தன்னாட்சிப் பல்கலைக்கழகத்தின் லூயிசு சம்பிரானோ குழுவினர் உழவருடன் சேர்ந்து சினாம்பாப் புகலிடம் என்னும் முறையைச் செயற்படுத்துகின்றனர். வயலை ஒட்டிய கிளை வாய்க்காலின் வாயில் வடிகட்டித் தடுப்பு அமைத்து வெளிமீன்களையும் அழுக்கையும் தடுப்பர். உள்ளே ஆக்சலாட்டல் வாழும். உழவர் பூச்சிக்கொல்லி இடுவதில்லை. தூய நீரில் விளைந்த காய்கறிக்குக் கூடுதல் விலை கிடைத்தால்தான் இம்முறை நிலைக்கும்.

2019 செப்டம்பரில் உலாவின்போது இளைஞர் ஒருவர் படகு மாறுகையில் நீரில் விழுந்து இறந்தார். அதன்பின் மது விற்பனைக்கும் அருந்தும் அளவுக்கும் கட்டுப்பாடுகள் கொண்டுவரப்பட்டன. 2020 இல் பெருந்தொற்றுக் காலத்தில் படகுத்துறைகள் மூடப்பட்டதால் படகோட்டிகளும் சமையற் பெண்களும் வருவாய் இழந்தனர். அதே காலத்தில் சினாம்பாக் காய்கறிகளை நேரடியாக வீடுகளுக்கு அனுப்பும் விற்பனை கூடியது.

அண்மைக் காலத்தில் சில உழவர் குடும்பங்கள் பயணிகளைத் தம் வயலுக்கே படகில் அழைத்துச் சென்று, சப்பின் அறுக்கும் முறையைக் காட்டி, அங்கேயே பறித்த கீரையையும் கல்லில் சுட்ட திலக்கோயோவையும் பரிமாறுகின்றன. இத்தகைய உலாக்கள் எண்ணிக்கையில் குறைவு. இவற்றில் இசைப்படகுகள் இல்லை. மெட்ரோ இரண்டாம் தடத்தின் கடைசி நிலையமான தாசுக்கேன்யாவிலிருந்து இலகு தொடர்வண்டியில் சோச்சிமில்கோவை அடையலாம். வயல் உலாக்களுக்குச் செல்வோர் குவெமாங்கோவுக்குச் சாலைவழிச் செல்ல வேண்டும்.